ஏழாவது சங்கிலி

செலஸ்டின் பதிவு போடுகிற நாட்களில் மனைவி அமலி அவனுக்குக் காலைச் சாப்பாடு கொடுப்பதில்லை. வயிற்றில் ஏதாவது கிடந்தால் நாலாவது பின்னூட்டத்துக்குள் வெளியே வந்துவிடும். அதற்குப் பதிலாக வெந்நீர் ஒரு தம்ளர், பல்லுக்கு நடுவே கடித்துக்கொள்ள மடித்த துண்டு, முதுகில் தேய்க்க வேப்பெண்ணெய். பிறகு அவனை மர நாற்காலியில் உட்காரவைத்து, பழைய சேலையால் இடுப்பிலும் மார்பிலும் சேர்த்துக் கட்டுவாள். தெற்கு மிதவையில் பதிவர் இருக்கிற வீடுகளிலெல்லாம் எட்டு மணிக்கு இதுதான் நடக்கும். மற்ற வீடுகளில் சோறு கட்டுவார்கள், இந்த வீடுகளில் ஆளைக் கட்டுவார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்.

நெய்தல் நாடு என்பது ஏழு மிதவைகள். கரை முழுகிப்போன பிறகு ஜனங்கள் கடல் மேலேயே கட்டிக்கொண்ட ஊர்கள் அவை. ஒவ்வொரு மிதவையையும் ஓர் இரும்புச் சங்கிலி கடலடிப் பாறையோடு பிணைத்திருக்கும். இருக்கிற இடத்திலேயே இருப்போம் என்பது நங்கூரக் கட்சி. சங்கிலியை அவிழ்த்துவிட்டு மழை பெய்கிற பக்கம் மிதந்து போவோம் என்பது நீரோட்டக் கட்சி. இரண்டில் எது சரி என்று என்னைக் கேட்காதீர்கள். எனக்கும் பிடரி இருக்கிறது.

பிடரியில்தான் உறைப்பானைப் பதிப்பார்கள். நகக்கண் அளவுதான் இருக்கும். மன்றம் என்கிற பொது வலைவெளியில் பதிவு எழுதுகிறவர் யாராக இருந்தாலும் அதைப் பதித்துக்கொண்டாக வேண்டும். உங்களை ஒருத்தர் பின்னூட்டத்தில் திட்டினால், அந்தச் சொல்லின் எடைக்குத் தக்க அடி உங்கள் உடம்பில் விழும். மூதேவி என்றால் ஒரு கிள்ளு. செருப்பு என்றால் கன்னத்தில் செருப்பு. வெட்டு, குத்து என்று போனால் அந்தந்த இடத்தில் அந்தந்த வலி. தோல் கிழியாது, நரம்பு மட்டும்தான் துடிக்கும். ஆனால் உடம்புக்கு என்ன தெரியும் பாவம், நிஜமாகவே அடி விழுந்ததாக நம்பிக் கன்றிப்போகும். சில உடம்பு நின்றும் போகும். போன வருஷம் பதினோரு பதிவர்கள் நின்றுபோனார்கள். பின்னூட்டம் மட்டும் போடுகிறவர்களுக்கு உறைப்பான் கிடையாது. ஓட்டுப் போடுகிற கூட்டத்தின் பிடரியில் கைவைக்க எந்த அரசாங்கத்துக்குத் துணிச்சல் வரும்?

இந்தச் சட்டத்தைக் கொண்டுவந்தவர்கள் கெட்டவர்கள் இல்லை. அதுதான் வயிற்றெரிச்சல். எதிராளிக்கு வலிப்பது கண்ணில் படாததால்தான் மனுஷன் வாய்க்கு வந்ததை எழுதுகிறான், வலி தெரிந்தால் கை நடுங்கும் என்று ஒரு குழு நாலு வருஷம் உட்கார்ந்து யோசித்துச் சொன்னது. அடிவாங்குகிறவரின் முகம் பதிவின் ஓரத்தில் நேரலையாகத் தெரியவும் ஏற்பாடு செய்தது. கை நடுங்கத்தான் செய்தது, சந்தோஷத்தில். முதல் மாதத்திலேயே பின்னூட்டங்கள் ஆறு மடங்கு ஆகிவிட்டன.

அன்றைக்குக் காலையில் மட்டும் அமலி செலஸ்டினைக் கட்டவில்லை. ரெண்டு ஆப்பமும் கொடுத்தாள்.

காரணம் இருந்தது. முங்கு வேலை பார்க்கிற தொம்மை முந்தின நாள் சாயங்காலம் வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தான். தெற்கு மிதவையைப் பிடித்திருக்கிற ஏழாவது சங்கிலியில் மூன்று கண்ணிகள் விரல் கனத்துக்குத் தேய்ந்துவிட்டனவாம். இன்றைக்குப் பௌர்ணமி. சாயங்காலம் நாலு மணிக்குக் கடலேற்றம் உச்சத்துக்கு வரும்போது சங்கிலி தாங்காது. அறுந்தால் மிதவை நேராகப் போய் மோதுகிற இடம், முழுகிப்போன பழைய துறைமுகத்தின் கான்கிரீட் தூண்கள். மிதவையில் இருக்கிறவர்கள் ஒன்பதாயிரம் பேர். மிதவைக் காப்பு அலுவலகத்தில் போய்ச் சொன்னதற்கு, எழுதிக் கொடுங்கள், பதினைந்து நாளில் பதில் வரும் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். மிச்சம் இருந்த ஒரே வழி மன்றம். தெற்கு மிதவை முழுக்க நீரோட்டக் கட்சி, முழுக்கச் செலஸ்டினின் வாசகர்கள். அவன் சொன்னால் கேட்பார்கள்.

"மொத்தம் இருபத்திரண்டு பத்தி," என்றான் செலஸ்டின். "மூணு மணிக்குள்ள எல்லாரும் வடக்கு மிதவைக்குப் போயிரணும்னு பதினாலாவது பத்தியில தெளிவாப் போட்டிருக்கேன்."

"அதை மொத வரியில போட்டா என்ன?"

"பின்னணி சொல்லாம எப்படிட்டீ? எடுத்த எடுப்புல சொன்னா பதிவுக்கு ஒரு கனம் இருக்காதுல்லா."

அமலி நன்னீர் ஆலையில் வால்வு பார்க்கிறவள். அங்கே கசிவு என்றால் கசிவு என்று கத்துவார்கள், பின்னணி சொல்ல மாட்டார்கள். அவள் தலைப்பைப் பார்த்தாள். 'நங்கூரக் கட்சியின் சங்கிலி துருப்பிடித்துவிட்டது.'

"இதைப் பாத்தா கட்சிச் சண்டை மாதிரில்லா இருக்கு."

"அப்பத்தான் உள்ள வருவான். நீ பயப்படாத. நங்கூரக்காரன் ஒருத்தன் விடாம தடைப்பட்டியல்ல போட்டாச்சு. பேரின்பராஜுக்குத்தான் மொத இடம். இன்னைக்கு நம்ம ஆளுக மட்டும்தான் படிக்கவும் எழுதவும் முடியும். ஒரு அடி விழாது பாரு."

பேரின்பராஜ் என்ற பெயரைக் கேட்டாலே அமலிக்குப் பற்றிக்கொண்டு வரும். நங்கூரக் கட்சியின் பெரிய பதிவர் அவர். பன்னிரண்டு வருஷமாகச் செலஸ்டின் எழுதுகிற ஒவ்வொரு பதிவையும் வரிக்கு வரி பிய்த்துப் போடுகிற மனுஷர். செலஸ்டின் முதுகில் இருக்கிற கன்றலில் பாதி அவருடைய கைங்கரியம். அவரையும் தடை செய்தாகிவிட்டது என்றதும் அவளுக்கு நிம்மதியாகவே இருந்தது. கட்டுகிற சேலையை மடித்துப் பெட்டிக்குள் வைத்தாள்.

ஒன்பது மணிக்குப் பதிவு ஏறியது. ஒன்பது ஒன்றுக்கு முதல் பின்னூட்டம் விழுந்தது. மூன்றாவது வீட்டுத் தங்கக்கண் போட்டிருந்தான். 'செருப்படிப் பதிவு அண்ணே.'

செலஸ்டினின் முகம் சட்டென்று இடதுபக்கம் திரும்பியது. கன்னத்தில் வரிவரியாகச் சிவந்தது. எவனோ நங்கூரக்காரன் உள்ளே நுழைந்துவிட்டான் என்று நினைத்து அமலி திரையைப் பார்ப்பதற்குள் அடுத்தது வந்தது. 'சும்மா பொளந்து கட்டிட்டீங்க தோழர்.' உச்சந்தலையிலிருந்து இடுப்புவரை கோடாரி இறங்கியதுபோல அவன் மடங்கினான். 'கிழி கிழின்னு கிழிச்சுட்டாரு தலைவர்.' நாற்காலியோடு தரையில் சாய்ந்தான். தின்ற ஆப்பம் ரெண்டும் தரையில் கிடந்தன.

அமலி திரையின் மேல்விளிம்பில் ஓடிய அறிவிப்பை அப்போதுதான் படித்தாள். இன்று முதல் சொல்லுக்குச் சொல் நடைமுறை. அதுவரை உறைப்பான் சொல்லோடு சேர்த்து, சொன்னவனின் நோக்கத்தையும் எடைபோட்டுப் பார்த்துத்தான் அடிக்கும். அதில் பாரபட்சம், எங்கள் கிண்டலுக்கு அடி விழுகிறது, அவன் கிண்டலுக்கு விழவில்லை என்று இரண்டு கட்சியும் கூச்சல் போட்டன. நோக்கத்தைப் பார்க்காதே, சொல்லை மட்டும் பார் என்று இரண்டு கட்சிப் பதிவர்களும் ஒரே குரலில் கேட்டார்கள். முப்பது வருஷத்தில் அவர்கள் ஒத்துப்போன ஒரே விஷயம் அதுதான். செலஸ்டின் மட்டுமே அதைக் கேட்டுப் பதினோரு பதிவு எழுதினான். சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதை இவன் தவணை முறையில் வைத்துக்கொண்டான்.

நம் ஜனங்களுக்குச் சந்தோஷம் வந்தால் என்ன சொல்வார்கள்? பாட்டு நன்றாக இருந்தால் கொன்னுட்டான் என்பார்கள். ஆட்டம் நன்றாக இருந்தால் பின்னிட்டான் என்பார்கள். பேச்சு நன்றாக இருந்தால் சம்மட்டி அடி என்பார்கள். ஆயுதம் எடுக்காமல் வாழ்த்தத் தெரியாத வாய்கள். வையவேண்டும் என்றால்தான் ஐயா, அறிஞரே, தாங்கள் அல்லவா தெய்வம் என்று மரியாதையெல்லாம் வரும். அப்படி மரியாதையாக வைகிற ஒரு நங்கூரக்காரன் இப்போது உள்ளே இருந்தால் தேவலை என்று அமலிக்கே தோன்றியது. எல்லாரையும்தான் வெளியே தள்ளிக் கதவைச் சாத்தியாகிவிட்டதே.

"பின்னூட்டத்தை மூடுங்க," என்றாள்.

"மூடினா பதிவும் மறைஞ்சுரும்," என்றான் அவன், தரையில் கிடந்தபடியே. சட்டம் அப்படித்தான். பதில் சொல்ல இடம் கொடுக்காத பதிவு மன்றத்தில் நிற்காது.

"அப்ப அழிச்சிருங்க."

அழிக்கவேண்டும் என்றால் இமைப்பூட்டைத் திறக்கவேண்டும். எழுதியவன் தன் கண்ணால் திரையை நேராகப் பார்த்தால்தான் அது திறக்கும். செலஸ்டின் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டான்.

"எத்தனை பேரு பாத்திருக்கான்?"

"நாலாயிரத்து இருநூறு."

"ஒன்பதாயிரம் ஆகட்டும். படிச்சுக் கிளம்பட்டும். அதுவரை தாங்குவேன்."

அவள் பெட்டியைத் திறந்து மறுபடி சேலையை எடுத்து, அவனைத் தூக்கி உட்காரவைத்துக் கட்டினாள். கட்டும்போது அழுதாள். அவனை வையவும் செய்தாள், ஆனால் அது மன்றத்தில் இல்லாததால் அவனுக்கு வலிக்கவில்லை.

பத்து மணிக்கு மேல் நிலைமை மோசமானது. நேரலையில் அவன் முகம் கோணுவதைப் பார்த்த வாசகர்கள், நங்கூரக்காரர்கள்தான் எப்படியோ புகுந்து அண்ணனை அடிக்கிறார்கள் என்று முடிவு கட்டிவிட்டார்கள். அண்ணனைத் தனியாக விடலாமா? ஆளுக்கு நாலு பேரை அழைத்துவந்தார்கள். 'சாட்டையடி.' 'மரண அடி.' 'வச்சு செஞ்சுட்டீங்க.' 'ஒவ்வொரு வரியும் ஈட்டி.' எந்த வரி என்று யாரும் சொல்லவில்லை. ஈட்டி மட்டும் விழுந்துகொண்டே இருந்தது, விலாவில், தொடையில், கழுத்துக்குழியில். துண்டைக் கடித்ததில் அவனுடைய கடைவாய்ப்பல் ஒன்று உடைந்தது. ஒரு துள்ளலில் வலது தோள் மூட்டிலிருந்து நழுவிக்கொண்டது. அவள் காலை ஊன்றி இழுத்து அதைத் திரும்ப உள்ளே தள்ளினாள். ஆலையில் வால்வு திருகுகிற கை அது, இல்லாவிட்டால் முடிந்திருக்காது.

பன்னிரண்டரைக்குப் பார்வை ஒன்பதாயிரத்தைத் தாண்டியது. அவள் காதருகே சொன்னாள். அவன் சிரிக்கப் பார்த்தான். வாயிலிருந்து ரத்தம்தான் வழிந்தது.

ஒரு மணிக்கு அவள் வெளியே வந்தாள். தெரு நிறைய மூட்டைமுடிச்சோடு ஆட்கள் ஓடிக்கொண்டிருப்பார்கள் என்று நினைத்தாள். தெரு சாதாரணமாக இருந்தது. ஒருத்தி கருவாட்டைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தாள். துணி காய்ந்தது. தங்கக்கண் வாசல்படியில் கைப்பேசியும் கையுமாக உட்கார்ந்திருந்தான்.

"தங்கக்கண், இன்னும் ஏன் கிளம்பல?"

"எங்க மைனி?" என்றான். அவனுக்குச் செலஸ்டின் அண்ணன், அதனால் இவள் மைனி.

"அண்ணன் பதிவைப் படிக்கலையா?"

"படிக்காமலா? மொதப் பின்னூட்டமே நாந்தான மைனி. சங்கிலி துருப்பிடிச்சிட்டுன்னு ஒரே போடு. நங்கூரக்காரன் இனி பத்து வருஷத்துக்கு எந்திரிக்க மாட்டான்."

"பதினாலாவது பத்தி படிச்சியா?"

"தலைப்பு ஒண்ணு போதும்லா. அண்ணன் எழுத்து எனக்குத் தெரியாதா?" பேசிக்கொண்டே திரையைப் பார்த்தான். "அண்ணன் முகம் என்ன இப்படி வாடிக் கிடக்கு? இருங்க, ஒரு உற்சாகம் கொடுப்போம்." அவன் விரல் ஓடியது. கொன்னுட்டீங்க அண்ணே.

மூன்று வீடு தள்ளி, செலஸ்டின் போட்ட சத்தம் தெரு முழுக்கக் கேட்டது. அமலி தங்கக்கண்ணைக் கன்னத்தில் ஓங்கி அறைந்தாள். கைப்பேசி சாக்கடையில் போய் விழுந்தது. பத்து வருஷமாக மன்றத்தில் அடித்துக்கொண்டிருந்தவன், அறை எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டான்.

"துருப்பிடிச்சது இரும்புச் சங்கிலி. நம்ம காலுக்குக் கீழ இருக்க சங்கிலி. நாலு மணிக்கு அறுந்துரும்," என்று அவள் தெருவைப் பார்த்துக் கத்தினாள். ஆட்கள் கூடினார்கள். ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"அது உருவகம் மைனி," என்றான் கூட்டத்தில் ஒருத்தன், அவளுக்கு விளங்கவில்லையே என்ற பரிதாபத்தோடு. "சங்கிலின்னா அடிமைத்தனம்."

"அண்ணன் எழுதினா மேலுக்கு ஒண்ணு இருக்கும், உள்ளுக்கு ஒண்ணு இருக்கும்," என்றார் இன்னொருத்தர். "எல்லாருக்கும் பிடிபடாது."

இயந்திரம் உருவகத்தை நிஜம் என்று எடுத்துக்கொண்டு உள்ளே அவனை அடித்துக்கொண்டிருந்தது. வெளியே ஜனம் நிஜத்தை உருவகம் என்று எடுத்துக்கொண்டு நின்றது. அமலி ஒவ்வொருத்தர் கையையும் பிடித்து இழுத்துப் பார்த்தாள். ஒருத்தரும் நகரவில்லை. அவள் வீட்டுக்குள் திரும்பினாள்.

இரண்டு மணிக்குப் படகுத்துறைப் பக்கம் பெரிய கூச்சல் கேட்டது. வடக்கிலிருந்து நாற்பது விசைப்படகுகள் வந்து நின்றன. எல்லாவற்றிலும் நங்கூரக் கட்சிக் கொடி. முதல் படகிலிருந்து நனைந்த சட்டையோடு இறங்கிய ஆளைப் பார்த்ததும் கூட்டம் கல்லைத் தூக்கியது. பேரின்பராஜ். படகோட்டி ஒருத்தனின் தலையில் துடுப்பால் அடித்துக் கடலில் தள்ளினார்கள். இன்னொருத்தன் கையை முறித்தார்கள். பேரின்பராஜ் கையால் தலையை மறைத்துக்கொண்டு ஓடிவந்து செலஸ்டின் வீட்டுக்குள் புகுந்து கதவைச் சாத்தினார். நெற்றி பிளந்து ரத்தம் சட்டைவரை ஓடியிருந்தது.

"உன் வீட்டுக்காரன் எழுதினது நெசம் தங்கச்சி," என்றார், மூச்சு வாங்க.

"நீங்க எப்படிப் படிச்சீங்க அண்ணாச்சி? தடை போட்டிருந்தாரே."

"என் மச்சினி கணக்குல புகுந்து படிச்சேன். மறுப்பு எழுதணும்லா? பதிமூணு பத்தியும் புளுகு. வரிக்கு வரி எழுதி வச்சிட்டேன். பதினாலுல நேரம், கண்ணி எண்ணு எல்லாம் போட்டிருக்கான். பொய்யின்னு படம் பிடிச்சுப் போடலாம்னு நானே முங்கினேன்." அவர் உள்ளங்கையை விரித்துக் காட்டினார். ஈரத்தில் கரைந்த துரு ரேகையெல்லாம் ஓடியிருந்தது. "பிடிச்சு ஆட்டினா கையோட வருது."

செலஸ்டின் வீங்கிய இமையை ஒரு கீற்று திறந்தான். "நீரு முழுசும் படிச்சீரா வே?"

"படிக்காம உம்ம எப்படி ஒழுங்கா வையறது?"

செலஸ்டின் அமலியைப் பார்த்தான். "மத்தவங்க?"

பொய் சொல்ல அவளுக்கு மனசில்லை. "ஒருத்தரும் படிக்கலங்க. தலைப்போட நின்னுட்டாங்க."

ஐந்து மணி நேரம் அடிவாங்கியும் உடையாத மனுஷன் அதைக் கேட்டு உடைந்தான். குழந்தைபோல விசும்பினான். அவள் திரையை அவன் முகத்துக்கு நேராகப் பிடித்தாள். அவன் பார்த்தான். பதிவும், இருபத்துமூவாயிரம் பாராட்டுகளும் ஒன்றாக மறைந்தன. அவன் தலை அவள் வயிற்றில் சாய்ந்தது.

வெளியே கதவில் கல் விழுந்துகொண்டிருந்தது. நம்மை வடக்கே கொண்டுபோய் அடைத்துவிட்டு மிதவையைப் பிடிக்கப் பார்க்கிறான், நங்கூரக்காரன் படகில் எவன் ஏறுவான் என்று கூட்டம் கத்தியது. மணி இரண்டேகால். அமலி கதவையும் பேரின்பராஜையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"இவங்களப் போங்கன்னு சொன்னா போக மாட்டாங்க அண்ணாச்சி," என்றாள். "போகாதீங்கன்னு நீங்க சொல்லணும்."

பன்னிரண்டு வருஷம் மன்றத்தில் ஊறியவருக்கு அதற்கு மேல் விளக்கம் தேவைப்படவில்லை. பிடரியை ஒருமுறை தடவிக்கொண்டார். "நான் ஒருத்தனையும் இதுவரை தடை பண்ணினது இல்ல. உங்க ஆளு அத்தனை பேரும் என் பதிவுக்கு வருவான். தெரியும்லா?"

"தெரியும். அதான் கேக்கேன். கேக்க எனக்கு வாய் கூசுது."

"உன் வீட்டுக்காரனுக்கு மட்டுந்தான் அடிவாங்கத் தெரியுமோ?" என்றார். கைப்பேசியை எடுத்தார். அவள் சொல்லச் சொல்ல எழுதினார். தெற்கு மிதவைக்காரன் ஒருத்தனும் வடக்கே வரக்கூடாது, எங்கள் படகில் கைவைத்தால் கை இருக்காது. எழுதி முடித்து ஒரு நிமிஷம் தயங்கினார். "கீழ ஒரு ரெண்டு பத்தி, பின்னணி மாதிரி?"

"வேண்டாம் அண்ணாச்சி."

அப்படியே ஏற்றினார். கதவில் கல் விழுவது நின்றது. தெருவில் அத்தனை பேரும் குனிந்து கைப்பேசியைப் பார்க்கிற அமைதி ஒரு பத்து விநாடி. அதற்கப்புறம் எழுந்த சத்தத்தை அமலி வாழ்நாளில் கேட்டதில்லை. வரக்கூடாதாமே, யாரைப் பார்த்து என்ன சொன்னான்? ஒன்பதாயிரம் பேரும் படகுத்துறைக்கு ஓடினார்கள். கைப்பிள்ளைக்காரிகள் பிள்ளையோடு ஓடினார்கள். நடக்கமுடியாதவர்களை நாற்காலியோடு தூக்கிக்கொண்டு ஓடினார்கள், ஒருத்தரும் பாக்கி இருக்கக்கூடாது என்று வீம்பு. படகோட்டிகளை அடித்துத் தள்ளிவிட்டு அவர்களே படகைக் கைப்பற்றி ஓட்டினார்கள். இறக்கிவிட்டுத் திரும்ப வந்து மிச்சம் இருந்தவர்களை ஏற்றினார்கள்.

ஓடிக்கொண்டே எழுதவும் செய்தார்கள். இந்தமுறை வாழ்த்து இல்லை, நிஜமான வசவு. அவன் கையை வெட்டு. நாக்கை அறு. குடலை உருவு. பேரின்பராஜ் நிலைப்படியிலேயே விழுந்தார். அமலி அவரையும் செலஸ்டினையும் வலை ஏற்றுகிற தள்ளுவண்டியில் கிடத்தி, கூட்டத்துக்கு நடுவே தள்ளிக்கொண்டு போனாள். யாரும் தடுக்கவில்லை. வண்டியில் கிடக்கிறது யார் என்று பார்க்க எவனுக்கும் நேரமில்லை, எல்லார் கண்ணும் திரையில் இருந்தது. திரையின் ஓரத்தில் துடித்த முகமும் வண்டியில் துடித்த முகமும் ஒன்றுதான்.

படகில் ஏறியதும் அவள் குனிந்தாள். "போதும் அண்ணாச்சி. பாதிப் பேரு வந்தாச்சு. அழிச்சிருங்க."

அவர் வலதுகை விரல்கள் ஒன்றன்மேல் ஒன்று முறுக்கிக் கிடந்தன. "இப்ப அழிச்சா, பேரின்பராஜ் பின்வாங்கிட்டான்னு ஊர்வலமா வீட்டுக்குத் திரும்பிருவானுவ," என்றார். "நாலு மணி ஆகட்டும்." அதற்கப்புறம் அவர் பேசவில்லை.

மூன்று ஐம்பதுக்குக் கடைசிப் படகு வடக்குத் துறையைத் தொட்டது. நாலு ஏழுக்கு ஏழாவது சங்கிலி அறுந்தது. கடலுக்கடியில் பீரங்கி வெடித்ததுபோல ஒரு சத்தம் வந்தது. தெற்கு மிதவை அவசரமில்லாமல் திரும்பிப் பழைய துறைமுகத் தூண்களைப் பார்த்துப் போனது. முதல் தூண் கோயில் தெருவை நடுவில் கிழித்தது. இரண்டாவது தூண் பள்ளிக்கூடத்தை நசுக்கியது. நன்னீர்த் தொட்டி சரிந்து வீடுகளின் மேல் விழுந்தது. தகரமும் மரமும் நொறுங்குகிற சத்தம் கால்மணி நேரம் கேட்டது. பிறகு அங்கே நுரைதான் இருந்தது.

துறையில் நின்ற ஒன்பதாயிரம் பேரும் அதைப் பார்த்தார்கள். நிறையப் பேர் அழுதார்கள். பிள்ளைகளை இறுக்கிக் கட்டிக்கொண்டார்கள். அமலிக்கும் அழுகை வந்தது, அப்பாடா என்றும் இருந்தது. இப்போதாவது புரிந்துவிடும் என்று நினைத்தாள்.

கூட்டத்தின் நடுவிலிருந்து ஒரு குரல் கேட்டது. "பாத்தியளா? நம்மளக் கொல்லத்தான் அந்தப் பாவி வரக்கூடாதுன்னு சொல்லியிருக்கான்."

"ஆமாம்ல," என்றார்கள் பக்கத்தில். அந்த ஆமாம் துறையின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை போனது. கைப்பேசிகள் மேல் குனிந்த தலைகள் நிமிரவே இல்லை.

வண்டியில் பேரின்பராஜின் உடம்பு வில்லாக வளைந்து, பலகையில் அறைந்து, மறுபடி வளைந்தது. மூக்கிலிருந்தும் காதிலிருந்தும் ரத்தம் வந்தது. அமலி அவருடைய கைப்பேசியைத் தேடியெடுத்து முகத்துக்கு நேராகப் பிடித்தாள். "அண்ணாச்சி, நாலு மணி ஆயிட்டு. கண்ணத் திறங்க. ஒரே ஒரு தடவை பாத்திருங்க." அவர் பார்க்கவில்லை. விரலால் இமையைப் பிதுக்கினாள். உள்ளே வெள்ளைதான் தெரிந்தது. இமைப்பூட்டு அதைக் கண் என்று ஒப்புக்கொள்ளவில்லை. பக்கத்தில் கிடந்த செலஸ்டின் நழுவித் திரும்பச் சேர்ந்த தோளோடு கையை நீட்டி, அந்த மனுஷனின் கையைப் பிடித்துக்கொண்டான். துடிப்பு இருக்கிறது, இன்னும் கொஞ்சம் இருக்கிறது என்று உதட்டால் சொன்னான்.

அவள் வண்டி மேல் ஏறி நின்றாள்.

"எல்லாரும் எழுதறத நிறுத்துங்க. இவருதான் உங்களக் காப்பாத்தினாரு. நடந்ததே வேற. நான் மொதல்ல இருந்து சொல்லுதேன், கேளுங்க."

பக்கத்தில் நின்றிருந்த தங்கக்கண் நிமிர்ந்து பார்த்தான். அறைவாங்கிய கன்னம் இன்னும் சிவந்திருந்தது, யாரிடமோ இரவல் வாங்கிய கைப்பேசி கையில் இருந்தது. மைனி மேல் அவனுக்குக் கோபமெல்லாம் இல்லை. மரியாதையாகத்தான் சொன்னான்.

"சுருக்கமாச் சொல்லுங்க மைனி, பின்னூட்டம் போட்டுக்கிட்டிருக்கேன்."